கொலம்பஸுக்குப் போகிறேன், அண்ணே

அன்புள்ள அண்ணே,

கையெழுத்துப் போட்டுவிட்டேன். வேலை ஒஹையோ மாநிலத்துக் கொலம்பஸில். மார்ச்சில் போய்ச் சேர வேண்டும். போனில் சொல்லியிருக்கலாம். சொன்னால் நீங்கள் கொஞ்ச நேரம் சும்மா இருந்துவிட்டு "சரிலே, நல்லாரு" என்பீர்கள். அதற்கு மேல் எனக்குப் பேச்சு வராது. இன்று 2025 ஜனவரி 8. போன வருஷம் இதே ராத்திரிதான் ஹூஸ்டனில் நம் மிச்சிகன் பல்கலைக்கழக அணிக்கு அமெரிக்கக் கால்பந்துக் கோப்பை கைக்கு வந்தது. இன்றைக்கு எழுதாவிட்டால் நான் எழுதப்போவதில்லை.

ஊர் பார்க்க எதற்கு எழுதுகிறாய் என்று கேட்பீர்கள். பக்கத்து ஊர்களான கேன்டனிலும் நோவையிலும் நம்மைத் தெரிந்தவர்கள் ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள். யார் யாரை விட்டுவிட்டுப் போனார் என்று எனக்கே விளக்கம் கொடுத்தவர்கள் உண்டு. நான் சொல்ல வேண்டியதை ஒரே இடத்தில் சொல்லிவிடுகிறேன். அவர்களும் இதைப் படிப்பார்கள் என்பதால் சில இடங்களில் வாயைக் கட்டிக்கொண்டுதான் எழுத வேண்டியிருக்கும். உங்கள் வீட்டு விஷயம் எதுவும் இதில் வராது.

2023 சீசனை உங்களுக்கு ஆட்டம் ஆட்டமாகச் சொல்ல வேண்டியதில்லை. 15 ஆட்டம், 15 வெற்றி. செப்டம்பர் முழுக்க எதிரில் வந்தவர்கள் யாரும் 7 புள்ளியைத் தாண்டவில்லை. அக்டோபரில் நம் மாநிலத்து எதிரியான மிச்சிகன் ஸ்டேட்டை அவர்கள் ஊரிலேயே 49-0 என்று அடித்தபோது நம் வீட்டில் எல்லோரும் குதித்தோம். நீங்கள் மட்டும் "இன்னும் யாருமே இவங்கள அடிக்கலலே, அடி வாங்கும்போது பாப்போம்" என்றீர்கள். அந்த அடி நவம்பரில் வந்தது.

எதிர் அணிகளின் சைகைகளை நம் அணி ஆள் அனுப்பிப் படம் பிடித்தது என்ற அந்தப் பஞ்சாயத்தில் நாம் இரண்டு பேரும் எதிரெதிர்ப் பக்கம் நின்றோம். நவம்பர் 10 அன்று, பென் ஸ்டேட் ஆட்டத்துக்கு முந்தின நாள், அணி அங்கே போய் இறங்குகிற நேரத்தில், மூன்று ஆட்டத்துக்கு நம் தலைமைப் பயிற்சியாளர் ஹார்பா மைதானத்துக்கு வரக்கூடாது என்று அறிவித்தார்கள். எனக்குக் கொதித்தது. நீங்கள் "விதின்னா விதிதான், அவரு ஆளு செஞ்சதுக்கு அவருதான் பொறுப்பு" என்றீர்கள். மறுநாள் உதவிப் பயிற்சியாளர் ஷெரோன் மூர் பொறுப்பில் அணி இறங்கியது. இரண்டாம் பாதியில் ஒரு பாஸ்கூட கணக்கில் ஏறவில்லை. வரிசையாக 32 முறை ஓட்டம் மட்டுமே. 24-15. முடிந்ததும் மூர் கேமரா முன்னால் நின்று தேம்பி அழுதார். நான் டிவியைப் பார்த்தேன். நீங்கள் எழுந்து பாத்திரம் கழுவப் போய்விட்டீர்கள். அந்த வாரம் உங்களுக்கு என்ன நடந்தது என்று எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் குழாயை மூடிவிட்டு உங்களைக் கூப்பிட்டு உட்கார வைத்திருப்பேன்.

நீங்கள்தான் எனக்கு இந்த ஆட்டத்தைக் காட்டிக் கொடுத்தீர்கள். நான் வந்த புதிதில் எல்லோரையும்போலப் பந்தின் பின்னால் கண்ணை ஓட்டிக்கொண்டிருப்பேன். பந்து யார் கையில் இருக்கிறது என்று கண்டுபிடிப்பதற்குள் பத்துப் பேர் மேலே விழுந்து அமுக்கிவிடுவார்கள். "பந்தப் பாக்காதலே. 65-ஐப் பாரு" என்றீர்கள். ஸாக் ஸின்டர், பந்தோடு ஓடுகிறவனுக்கு வழி திறந்துவிடுகிற முன்வரிசையில் வலது கார்டு. ஆனித் தேர் ஓடும்போது எல்லோரும் நெல்லையப்பரைப் பார்ப்பார்கள், சக்கரத்துக்கு அடியில் கட்டை போடுகிறவனைப் பார், தேர் எந்தப் பக்கம் திரும்பப்போகிறது என்று அவன் கை சொல்லும் என்று உங்கள் தாத்தா சொல்வாராமே, அதைச் சொன்னீர்கள். அன்றிலிருந்து நான் பந்தைப் பார்ப்பதில்லை. ஸ்னாப் ஆனதும், அதாவது பந்து ஆட்டத்துக்கு வந்ததும், 65 எந்தப் பக்கம் காலை எடுத்து வைக்கிறான், யாரை இடித்துத் தள்ளுகிறான், பிறகு அந்தச் சந்துக்குள் பந்தோடு ஓடுகிற கோரம் எப்படி நுழைகிறான் என்று வரிசையாகத் தெரிய ஆரம்பித்தது. நான் வேலை செய்கிற விதத்தையே அது மாற்றியிருக்கிறது. நேரில் ஒருநாளும் உங்களிடம் சொன்னதில்லை.

நவம்பர் 25.

நம் பரம எதிரி, கொலம்பஸ் அணியான ஒஹையோ ஸ்டேட்டோடு பகல் 12 மணி ஆட்டம். ஒரு லட்சத்துப் பத்தாயிரம் பேர். உங்கள் அப்பா ஊரிலிருந்து அனுப்பிய மங்கி கேப்பை எனக்கு மாட்டிவிட்டு நீங்கள் வெறும் ஸ்வெட் ஷர்ட்டின் தொப்பியை இழுத்துக்கொண்டீர்கள். அலுமினிய பெஞ்சின் குளிர் ஜீன்ஸைத் தாண்டி ஏறியது. கையைச் சூடாக்குகிற அந்தச் சின்னப் பொட்டலங்களைக் குலுக்கிக் குலுக்கி என் இரண்டு ஷூவுக்குள்ளும் திணித்தீர்கள். உங்களுக்கு எடுத்துக்கொண்டீர்களா என்று நான் கேட்கவில்லை.

மூன்றாம் கால் பகுதி, 17-17. ஒரு ஸ்னாப். ஆட்கள் குவிந்து கலைந்தார்கள். 65 எழவில்லை. நான் அவனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன், பார்க்கச் சொன்னது நீங்கள். இடது கால் இருக்கக் கூடாத கோணத்தில் இருந்தது. பக்கத்தில் நின்ற, நம் அணிக்குப் பந்து வீசுகிற மெக்கார்த்தி தலையைப் பிடித்துக்கொண்டு திரும்பிவிட்டான். அவ்வளவு பெரிய மைதானம் ஒன்றுமே பேசாமல் இருப்பதை நான் அதற்கு முன் கேட்டதில்லை. பெஞ்சில் இருந்த மொத்த அணியும் உள்ளே நடந்து வந்து வண்டியைச் சுற்றி நின்றது.

அப்போதுதான் நீங்கள் கேட்டீர்கள்: "அவங்கம்மா வந்திருப்பாங்களாலே?"

நான் "வந்திருப்பாங்கண்ணே" என்று சொல்லிவிட்டு மைதானத்தைப் பார்த்தேன். உங்கள் முகத்தைப் பார்க்கவில்லை. இந்த ஒரு வருஷத்தில் அந்த இடத்துக்கு மட்டும் எத்தனையோ தடவை போய் வந்துவிட்டேன். பார்த்திருந்தால் என்ன தெரிந்திருக்கும்? தெரியவில்லை. மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது, குளிர் என்று நினைத்தேன்.

வண்டி வெளியே போனது. அதே முன்வரிசையில் டாக்கிளாக ஆடிய பார்ன்ஹார்ட் 65-இன் இடத்துக்கு நகர்ந்தான். பார்ன்ஹார்ட்டின் இடத்துக்கு ட்ரென்டே ஜோன்ஸ் உள்ளே வந்தான். அடுத்த ஸ்னாப். அடுத்ததே. கோரம் 22 யார்டு ஓடி எல்லைக்குள் போனான். போனவன் கையுறை போட்ட விரல்களை மடக்கி நீட்டி ஆறு, ஐந்து என்று காட்டினான். நீங்கள் என் கழுத்தைப் பிடித்து இழுத்து உங்கள் தோளோடு அழுத்திக்கொண்டீர்கள். வலித்தது. நான் கத்திக்கொண்டிருந்தேன், நீங்கள் கத்தவில்லை. ஏதோ சொன்னீர்கள், எனக்குக் கேட்கவில்லை. பிறகு கேட்டதற்கு "ஒண்ணுமில்லலே" என்றீர்கள்.

30-24. 25 வினாடி மிச்சம் இருக்கும்போது அவர்களின் மெக்கார்ட் வீசியதை நம் ராட் மூர் பிடித்தான். வேலி தாண்டி எல்லோரும் உள்ளே இறங்கினோம். மைதானத்தில் நின்று நீங்கள் எடுத்த படத்தில் நான் மட்டும் இருக்கிறேன். உங்களை எடுக்க போனை நீட்டினேன், வேண்டாம் என்றுவிட்டீர்கள்.

மறுநாள் திருக்கார்த்திகை. கேன்டனில் ஒரு வீட்டில் கூப்பிட்டிருந்தார்கள், நீங்கள் தலைவலி என்று வரவில்லை. பால்கனியில் விளக்கு வரிசைக்கு எண்ணெய் ஊற்றிக்கொண்டிருந்தேன். எனக்கு அதிகம் பழக்கமில்லாத ஒருவர் பக்கத்தில் வந்து, "உங்க அண்ணனுக்கு வேற வேலை எங்கயாவது கிடைச்சுதா? விசா குடுக்குற 60 நாள்ல என்ன பண்ணுவாரு, டிசம்பர்ல யாரும் ஆள் எடுக்க மாட்டாங்களே" என்றார். எண்ணெய் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு ஆமாம் ஆமாம் என்று தலையாட்டினேன். அவருக்குத் தெரியும். அவர் மனைவிக்குத் தெரியும். அந்த ஹாலில் பாதிப் பேருக்குத் தெரியும். நேற்று உங்கள் தோளில் தலை அழுந்த நின்ற எனக்குத் தெரியாது.

அண்ணே, இதை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

டிக்கெட் டிரான்ஸ்பர் மெயில் என் இன்பாக்ஸில் அப்படியே இருக்கிறது. தேதி நவம்பர் 14. வாங்கின கையோடு அனுப்பினேன் என்றுதான் அன்று சொன்னீர்கள். அதாவது வேலை போன பிறகு. ஒஹையோ ஸ்டேட் ஆட்டத்துக்கு மறுவிற்பனையில் என்ன விலை போகும் என்று நம் எல்லோருக்கும் தெரியும், அதுவும் இரண்டு டிக்கெட். வாடகையை யோசிக்க வேண்டிய நேரத்தில் எனக்கு டிக்கெட் வாங்கியிருக்கிறீர்கள். ஷூவுக்குள் பொட்டலம் திணித்திருக்கிறீர்கள். அதை அன்பு என்று எல்லோரும் சொல்கிறார்கள், நானும் சொல்கிறேன். ஆனால் அன்பாக இருந்தாலும் நீங்கள் எனக்குச் செய்தது அநியாயம். என் சந்தோஷத்தின் நடுவில் என்னைத் தனியாக நிற்க வைத்தீர்கள். யாருக்குச் சொல்வது, யாருக்குச் சொல்லாமல் காப்பாற்றுவது என்று நீங்களே ஒரு கோடு போட்டு, என்னைச் சின்னப்பையன்கள் பக்கத்தில் உட்கார வைத்தீர்கள். என் வீட்டில் அப்பாவுக்கு உடம்பு முடியாமல் போனபோது நடுராத்திரி உங்கள் கதவைத்தான் தட்டினேன். உங்களுக்குத் தட்ட ஒரு கதவு வேண்டியிருந்தபோது நான் பக்கத்து அறையில் இருந்தேன்.

உங்கள் அம்மாவிடமும் நீங்கள் ஊருக்குப் போய் இறங்கும்வரை சொல்லவில்லை என்று பின்னால் தெரிந்தது. "அவங்கம்மா வந்திருப்பாங்களா" என்ற கேள்வி அதற்குப் பிறகுதான் எனக்கு உறைத்தது. இதற்கு மேல் இங்கே எழுதவில்லை.

டிசம்பர் எப்படிப் போனதென்றே நினைவில்லை. அயோவாவை 26-0 என்று அடித்த ராத்திரி நீங்கள் உங்கள் அறையில் யாருடனோ இன்டர்வியூ பயிற்சி செய்துகொண்டிருந்தீர்கள். ஜனவரி 1 ரோஸ் பவுல் மட்டும் நன்றாக நினைவிருக்கிறது. ஹாலில் இரண்டு பெட்டி திறந்தபடி, எடை பார்க்கிற மெஷின் ஒரு பக்கம், அலபாமா ஒரு பக்கம். ஒன்றரை நிமிஷம் இருக்கும்போது 20-20, பிறகு கூடுதல் நேரம், கோரம் ஓடி 27-20. கடைசி முயற்சியில் அலபாமாவின் மில்ரோவை எல்லைக்கு முன்னாலேயே அமுக்கினார்கள். ஜெயித்ததும் நீங்கள் பெட்டியில் வைத்திருந்த ஊறுகாய் பாட்டிலை வெளியே எடுத்து, எடை கூடுது, நீ வச்சுக்கோ என்றீர்கள். ஆட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. கோபமாக வந்தது எனக்கு. பாட்டிலை வாங்கிக்கொண்டேன்.

வாஷிங்டனோடு ஃபைனல் நடந்தபோது நீங்கள் ஊரில். அங்கே காலை ஆறு மணி. முதல் கால் பகுதியிலேயே நம் எட்வர்ட்ஸ் 41 யார்டு ஓட்டம் ஒன்று, 46 யார்டு ஓட்டம் ஒன்று. 34-13. 1997-க்குப் பிறகு முதல் கோப்பை, அந்த வருஷமும் நெப்ராஸ்காவோடு பங்கு போட்டுக்கொண்டது. இங்கே ஆன் ஆர்பரில் மெயின் ஸ்ட்ரீட்டில் ஜனங்கள் ஓடிக்கொண்டிருந்தார்கள், நான் வாசற்படியில் நின்று உங்களுக்குப் போன் செய்தேன், நீங்கள் எடுக்கவில்லை. விடிந்து பார்த்தால் ஒரே ஒரு மெசேஜ்: "65 இல்லாமலேயும் லைன் நல்லா நின்னுச்சு." அவ்வளவுதான். அந்த வரியை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய வேண்டும் என்று எனக்கு அன்றும் தெரியவில்லை, இன்றும் தெரியவில்லை.

இப்போது என் முடிவுக்கு வருகிறேன்.

பாளையங்கோட்டையில் ஆபீஸ் போட்டதும் ஜன்னல் ஓரத்தில் ஒரு நாற்காலியைப் படம் எடுத்து அனுப்பி "இது உனக்கு" என்றீர்கள். அதற்கு நான் ஒரு இதயம் மட்டும் போட்டேன். அப்புறம் ஒவ்வொரு தடவை பேசும்போதும் கடைசியில் "எப்ப வாறே?" என்று கேட்பீர்கள், நான் வேறு பேச்சுக்குத் தாவுவேன். வர மனமில்லை என்று சொல்ல எனக்குத் தைரியம் வேண்டியிருந்தது. நீங்கள் கஷ்டப்பட்டு ஊன்றிய இடத்தை நான் வேண்டாம் என்றால், உங்களையே வேண்டாம் என்பதாக எடுத்துக்கொள்வீர்களோ என்று பயம். அப்படி இல்லை. ஆனால் வரமாட்டேன். வருத்தமாக இருக்கிறது அண்ணே. வருத்தப்பட்டுக்கொண்டே சொல்கிறேன், வரமாட்டேன்.

காரணங்களில் சொல்லக்கூடியதை மட்டும் சொல்கிறேன். புதிய கம்பெனி கிரீன் கார்டு வேலையை முதல் வருஷத்திலேயே ஆரம்பித்துவிடுவதாக எழுத்தில் கொடுத்திருக்கிறது. நம் ஆட்களுக்கு அந்த வரிசை எவ்வளவு நீளம் என்று உங்களுக்குத் தெரியும், நிற்கவாவது ஆரம்பிக்க வேண்டுமே. வீட்டுக் கடன் கணக்கு உங்களுக்கு அத்துப்படி. இன்னொரு காரணமும் கொலம்பஸில்தான் இருக்கிறது. அவரிடம் கேட்காமல் இங்கே எழுத முடியாது, உங்களிடம் மட்டும் தனியாகச் சொல்வேன். இது எல்லாவற்றுக்கும் மேலே ஒன்று: உங்களுக்கு நடந்ததைப் பார்த்தபோது, இந்த நாட்டில் ஒரு மெயிலில் எல்லாம் முடிந்துவிடும் என்று தெரிந்துகொண்டேன். தெரிந்த பிறகும் எனக்கு இங்கே இருக்கத்தான் ஆசையாக இருக்கிறது. உங்களைத் துரத்திய இடத்தில் இருக்க ஆசைப்படுகிறேன் என்று உங்களிடம் சொல்வது எவ்வளவு கஷ்டம் என்று யோசித்துப் பாருங்கள்.

வேறு ஊர் கிடைக்கவில்லையா, கொலம்பஸா என்று கேட்பீர்கள். இங்கிருந்து யு.எஸ். 23 நெடுஞ்சாலையில் மூன்று மணி நேரம். நவம்பர் கடைசி வாரம் இன்டர்வியூவுக்குப் போனபோது பல்கலைக்கழகப் பக்கம் நடந்தேன். அந்த வாரம் அவர்கள் கட்டடப் பலகைகளில் மிச்சிகனின் 'எம்' எழுத்து இருக்கிற இடத்திலெல்லாம் சிவப்பு டேப்பால் பெருக்கல் குறி போட்டு மறைப்பார்களே, ஒரு பலகையின் முன்னால் நின்று அந்த டேப்பைத் தொட்டுப் பார்த்தேன். ஓரம் நீட்டாக மடித்து ஒட்டியிருந்தது. எதிரி ஊரில் நிற்கிறோம் என்ற கோபம் வரும் என்று நினைத்தேன். வரவில்லை. இவ்வளவு சிரத்தையாக வெறுக்கிறார்களே, இவர்களோடு இருக்கலாம் என்றுதான் தோன்றியது. அந்த சனிக்கிழமையே அவர்கள் மைதானத்தில் நாம் 13-10 என்று ஜெயித்தோம். 45 வினாடி இருக்கும்போது நம் ஸ்வாடா உதைத்ததை நீங்களும் பார்த்திருப்பீர்கள். முடிந்த பிறகு நடந்த கொடிச் சண்டையும், போலீஸ் மிளகு ஸ்ப்ரே அடித்ததும் எனக்குப் பிடிக்கவில்லை. ஜெயித்தவன் அடுத்தவன் வீட்டு நடுக்கூடத்தில் கொடி நட வேண்டியதில்லை.

2023 அணியில் இப்போது யார் மிச்சம் சொல்லுங்கள். ஹார்பா போன ஜனவரி முடிவதற்குள் சார்ஜர்ஸ் என்ற தொழில்முறை அணிக்குப் போனார். தொழில்முறை அணிகள் ஆள் எடுக்கிற டிராஃப்டில் 13 பேர் போனார்கள். மெக்கார்த்தி மினசோட்டா, கோரம் லாஸ் ஏஞ்சல்ஸ். 65 எங்கே போனான்? கிளீவ்லாண்ட். ஒஹையோவில்தான் சம்பளம் வாங்குகிறான். அவனைத் துரோகி என்று நீங்கள் சொன்னதில்லை. கால் கூடி, பேட் கட்டி இறங்கினான் என்றதும் உங்கள் வாய்ஸ் நோட்டில் இருந்த குரலை நான் அழிக்காமல் வைத்திருக்கிறேன். அந்தக் குரலில் பாதியாவது எனக்கும் வேண்டும் என்று கேட்பது அதிகமா?

அந்த நாற்காலியைச் சும்மா வைக்காதீர்கள். ஜான்ஸ் காலேஜில் படித்த ஒரு பையன் நன்றாகச் செய்கிறான் என்று சொன்னீர்களே, அவனுக்குக் கொடுங்கள். உங்களோடு வேலை பழகுகிறவனுக்கு அதைவிட நல்ல இடம் கிடைக்காது, எனக்குத் தெரியும். ஆனால் ஆபீஸுக்கு ஒரு கஷ்டம் வருகிற அன்றைக்கு, ஊருக்கெல்லாம் சொல்லிவிட்டு அவனை விட்டுவிடாதீர்கள். முதலில் அவனிடம் சொல்லுங்கள்.

உங்கள்
தம்பி